சின்னக் கீறலும் பெரிய புண்ணும்: சயாம் மரண ரயில் சொல்லும் பாடம்



ஜப்பானியர் ஆட்சி பற்றிய பாடத்தில் சயாம் மரண ரயில் வந்ததும், "காலரா, மலேரியா, பசி" என்று விடை எழுதிவிடுவோம். சரிதான். ஆனால் அந்தப் பட்டியலில் பலரும் விட்டுவிடும் ஒன்று உண்டு: காலில் வந்த புண். மூங்கில் கீறிய சின்னக் காயம் சில நாளிலேயே அழுகி, முழங்காலுக்குக் கீழே எலும்பு தெரியும் அளவுக்குப் போனது. ஏன் அப்படி ஆனது? இதற்குப் பதில் தேட அறிவியலும் வேண்டும், வரலாறும் வேண்டும்.

யார் போனார்கள்?

பர்மாவில் இருந்த ஜப்பானியப் படைக்குப் பொருள் அனுப்ப, 1942-இன் நடுப்பகுதியில் ரயில்பாதை வேலை தொடங்கியது. சுமார் 415 கிலோமீட்டர் பாதை 1943 அக்டோபரில் இணைக்கப்பட்டது.

அப்போது பேராக் தோட்டங்களின் நிலையை நினைத்துப் பாருங்கள். ரப்பர் வாங்க ஆளில்லை, பால்வெட்டு வேலை இல்லை. அரிசி கிடைக்காமல் மரவள்ளிக்கிழங்குதான் சாப்பாடு. "மூன்று மாத வேலை, நாளுக்கு ஒரு வெள்ளி, சாப்பாடும் மருந்தும் இலவசம்" என்று ஆசை காட்டினார்கள். போனவர்கள் திரும்பவில்லை என்று தெரிந்ததும் மற்றவர்கள் மறுத்தார்கள். பிறகு பலவந்தமாகவே பிடித்துப் போனார்கள். மலாயாவிலிருந்து சென்றவர்கள் 75,000-க்கும் மேல் என்பது மதிப்பீடு. பெரும்பாலோர் தோட்டத் தமிழர்கள்.

புண்ணுக்குள் இருந்தது யார்?

நம் உடம்பில் கோடிக்கணக்கான பாக்டீரியா குடியிருக்கின்றன. அவற்றில் பல வகைக்கு ஆக்சிஜன் ஆகாது. காற்றுப் பட்டால் வளராது. இவற்றைக் காற்றில்லா பாக்டீரியா என்கிறோம். பல் இடுக்கு, ஈறு, பெருங்குடல் ஆகியவை இவற்றின் வீடு. சாதாரண நாளில் இவை நமக்குத் தொல்லை தருவதில்லை. தோல் கிழிந்து, தசை செத்து, இரத்த ஓட்டம் குறையும்போது அந்த இடத்தில் ஆக்சிஜன் இருக்காது. அதுதான் இவற்றுக்குக் கிடைக்கும் சந்தர்ப்பம். அதனால்தான் இப்படி வரும் நோயைச் 'சந்தர்ப்பவாதத் தொற்று' என்கிறார்கள்.

ரயில்பாதைப் புண்ணின் சீழில் முக்கியமாகக் காணப்பட்டவை ஃபியூசோபாக்டீரியம் என்ற குச்சி வடிவப் பாக்டீரியாவும், சுருள் வடிவக் கிருமிகளும். முதல் உலகப் போரில் பதுங்குகுழி வீரர்களுக்கு வந்த ஈறுப்புண்ணிலும் இதே வகைக் கிருமிகள்தான் இருந்தன. 1988-இல் இத்தகைய புண்களிலிருந்து பிரித்தெடுத்த ஓர் இனத்துக்கு ஃபியூசோபாக்டீரியம் அல்சரன்ஸ் என்று பெயரிட்டார்கள். இந்த வகைக் கிருமிகள் சேற்றிலும் தேங்கிய நீரிலும் இருக்கக்கூடியவை. வெறுங்காலோடு சேற்றில் நின்று வேலை செய்த பட்டினி உடம்பில் அவை எளிதாக நுழைந்தன.

ஒரே கிருமி, இரண்டு கணக்கு

நேச நாட்டுப் போர்க் கைதிகளுக்கும் இதே மூங்கில், இதே சேறு, இதே புண். ஆனால் அவர்களோடு மருத்துவர்கள் இருந்தார்கள். மருந்து இல்லாவிட்டாலும், கூர்தீட்டிய கரண்டியால் அழுகிய சதையைச் சுரண்டி எடுத்தார்கள். உள்ளே காற்றுப் பட்டது, செத்த தசை போனது. சிலருக்குப் புண் ஆறியது. முடியாதபோது காலையே வெட்டினார்கள். பர்மா பக்க முகாமில் ஆஸ்திரேலிய மருத்துவர் ஆல்பர்ட் கோட்ஸ் இந்தப் புண்ணுக்காக நூற்றுக்கும் மேற்பட்ட கால்களை அறுத்தார்.

தமிழர் முகாம்களில் பெரும்பாலும் மருத்துவரே இல்லை. தோட்டத்து டிரெஸர் அளவுக்குக்கூட ஆள் கிடைக்கவில்லை. 1943-இல்தான் சாங்கியிலிருந்து மருத்துவக் கைதிகளைக் கொண்ட 'கே', 'எல்' என்ற இரு குழுக்கள் ஆசியத் தொழிலாளர் முகாம்களுக்கு அனுப்பப்பட்டன.

எல்லா நோய்களையும் சேர்த்து முடிவைப் பாருங்கள்: கைதிகளில் சுமார் ஐந்தில் ஒருவர் இறந்தார். மலாயாத் தொழிலாளர்களில் குறைந்தது மூன்றில் ஒருவர் என்கின்றன மதிப்பீடுகள்.

ஈப்போவுக்குத் திரும்புவோம்

ஈப்போவுக்கு அருகிலுள்ள பாப்பானில் மறைவாகப் போராளிகளுக்கு மருத்துவம் பார்த்தவர் தாதி சிபில் கார்த்திகேசு. இவர் கணவர் இலங்கைத் தமிழ் மருத்துவர். 1943-இல் கைதாகிச் சித்திரவதைப்பட்டபோது, ஜப்பானியக் காலணி உதைத்துத் தாடையில் காயம் ஏற்பட்டது. போர் முடிந்த பிறகும் அந்தப் பழைய காயம் விடவில்லை. கிருமி இரத்தத்தில் கலந்து 12 ஜூன் 1948-இல் பிரிட்டனில் காலமானார். இன்று ஈப்போவில் ஒரு சாலை அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. ரயில்பாதையில் கால் அழுகி இறந்த தோட்டத் தொழிலாளர்களின் பெயரில் ஒரு பலகைகூடக் காண்பது அரிது.

1962-இல் வேறொரு நோய்க்கு மெட்ரோனிடசோல் சாப்பிட்ட பெண்ணின் ஈறுப்புண் ஆறியதை ஷின் என்பவர் கவனித்தார். காற்றில்லா பாக்டீரியாவுக்கு எதிராக அந்த மருந்து பயன்பட்டது அதன் பிறகுதான். ஆனால் 1943-இல் அந்த மருந்து இல்லாததுதான் காரணம் என்று எழுதிவிடாதீர்கள். ஒரு ஜோடி காலணி, வயிற்றுக்குச் சோறு, சுத்தமான துணி, இரண்டு நாள் ஓய்வு இருந்திருந்தாலே பல கால்கள் தப்பியிருக்கும்.

தேர்வுக்கு

"ஏன் இறந்தார்கள்?" என்ற கேள்விக்கு நோயின் பெயரோடு நிறுத்தாதீர்கள். கிருமி உடனடிக் காரணம். பட்டினியும் கட்டாய உழைப்பும் மருத்துவ மறுப்பும் அடிப்படைக் காரணம். இரண்டையும் பிரித்துக் காட்டினால் உங்கள் விடை உயர்நிலைச் சிந்தனையைக் காட்டும்.

ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள்: மாணவர்களை வீட்டில் கேட்டுவரச் சொல்லுங்கள். "நம்ம குடும்பத்துல சயாமுக்குப் போனவங்க யாராவது இருக்காங்களா?" பல தோட்டங்கள் இன்று செம்பனையாகவும் தாமானாகவும் மாறிவிட்டன. லயங்களும் போய்விட்டன. பாட்டி சொல்லும் ஒரு பெயராவது நோட்டுப் புத்தகத்தில் பதியட்டும்.