சிவகாசிக் கொள்ளை ஒரே நாளில் நடந்ததா?



இனப்படுகொலை என்றதும் நமக்கு ஹிட்லரின் ஜெர்மனி, ருவாண்டா, ஈழம்தான் ஞாபகத்துக்கு வரும். அருப்புக்கோட்டை, திருச்சுழி பக்கம் இருக்கும் நமக்கும் அந்தச் சொல்லுக்கும் என்ன சம்பந்தம் என்று நீங்கள் கேட்கலாம். வானம் பார்த்த பூமி, கருவேலங்காடு, ரமண மகரிஷி பிறந்த ஊர்... இப்படித்தானே நம் வட்டாரத்தை வெளியூர்க்காரர்களுக்குச் சொல்கிறோம்! ஆனால் பிறந்த சாதிக்காகவே மனிதர்களை ஊர் ஊராகத் தேடிப்போய் அடித்து, வீடுகளைக் கொளுத்திய வரலாறும் இந்த மண்ணுக்கு உண்டு.

முதலில் சொல்லைத் தெளிவாக்கிக் கொள்வோம். 'ஜெனோசைட்' என்ற சொல்லை 1944-ல் உருவாக்கியவர் போலந்து நாட்டு யூத வழக்கறிஞர் ரஃபேல் லெம்கின். 1948 டிசம்பர் 9 அன்று ஐ.நா. இதற்கென ஓர் உடன்படிக்கையை ஏற்றது. தேசியம், இனக்குழு, இனம், மதம் ஆகியவற்றால் அமைந்த ஒரு கூட்டத்தை முழுதாகவோ பகுதியாகவோ அழிக்கும் நோக்கம் இருந்தால்தான் அது இனப்படுகொலை. அந்தப் பட்டியலில் சாதி இல்லை. ஆகவே நான் சொல்லப்போவது சட்டப்படி இனப்படுகொலை அல்ல. ஆனால் அதை நோக்கிப் போகும் பாதையின் முதல் படிகள் எல்லா ஊரிலும் ஒன்றுதான்.

1899-ல் நடந்தது என்ன?

அன்று அரசு ஆவணங்களில் 'சாணார்' என்று எழுதப்பட்ட மக்கள்தான் இன்றைய நாடார்கள். ('நாடார்' என்றே எழுத வேண்டும் என்று அரசு ஆணை வந்தது 1921-ல்தான்.) பனையேறிகளாக இருந்தவர்களில் ஒரு பகுதியினர் 19-ஆம் நூற்றாண்டில் வியாபாரத்தில் முன்னேறினார்கள். அருப்புக்கோட்டை, பாலையம்பட்டி, விருதுபட்டி (இன்றைய விருதுநகர்), சிவகாசி, திருமங்கலம், சாத்தங்குடி ஆகிய ஆறு ஊர்களில் பேட்டை அமைத்து, மகமை வசூலித்து, உறவின்முறையாக ஒன்றுகூடி வளர்ந்தார்கள். கையில் காசு வந்தது, ஆனால் கோயிலுக்குள் போக உரிமை வரவில்லை.

1897 மே 14 அன்று கமுதி மீனாட்சி சுந்தரேஸ்வரர் கோயிலுக்குள் நாடார்கள் சிலர் நுழைந்து வழிபட்டார்கள். அறங்காவலரான ராமநாதபுரம் பாஸ்கர சேதுபதி வழக்குப் போட்டார். அது லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், 1908-ல் நாடார்களுக்கு எதிராக முடிந்தது. சிவகாசி விஸ்வநாத சுவாமி கோயிலிலும் இதே தகராறுதான்.

வழக்கு நடந்துகொண்டிருந்தபோதே 1899 ஜூன் 6 அன்று மறவர்களும் அவர்களோடு சேர்ந்த வேறு சிலருமாக ஆயிரக்கணக்கானோர் சிவகாசிக்குள் புகுந்தார்கள். அந்த ஊரில் மட்டும் 800-க்கும் மேற்பட்ட வீடுகள் எரிந்தன. இருபதுக்கும் மேற்பட்ட உயிர்கள் போயின. சுற்றுப்பட்டிகளுக்கும் பரவிய கலவரம், ராணுவம் வந்த பிறகு ஜூலை நடுவில்தான் ஓய்ந்தது. 'சிவகாசிக் கொள்ளை' என்று பெரியவர்கள் சொல்வது இதைத்தான்.

'திடீர்க் கலவரம்' என்று ஒன்று உண்டா?

கணக்குப் போட்டுப் பாருங்கள். கமுதி நுழைவுக்கும் சிவகாசித் தீக்கும் நடுவே இரண்டு ஆண்டுகள் இருக்கின்றன! அந்த இரண்டு ஆண்டும் தகராறு ஊரறிய நடந்தது. அப்போது சிவகாசி திருநெல்வேலி ஜில்லா. கமுதியும் அருப்புக்கோட்டையும் மதுரை ஜில்லா. பகை மட்டும் ஜில்லா எல்லை பார்க்கவில்லை.

இதில் இன்னொரு பக்கமும் உண்டு. கிராமக் காவல் மறவர்களின் பழைய உரிமை, பிழைப்பு. வெள்ளைக்காரன் போலீஸ் வந்து அதைப் பறித்தது. ஒருவன் ஏறுவதையும் தான் இறங்குவதையும் ஒரே நேரத்தில் பார்ப்பவனிடம் "உன் இடத்தை அவன்தான் எடுத்தான்" என்று சொல்வது சுலபம். இது கொலைக்கு நியாயம் ஆகாது. ஆனால் காரணம் தெரியாமல் தடுக்க முடியாது.

குற்றம் செய்தவனைத் தண்டிப்பது வேறு, சாதியையே தண்டிப்பது வேறு. 1911-ன் குற்றப் பரம்பரைச் சட்டத்தின் கீழ் கள்ளர், மறவர் சமூகங்களில் பலரைப் பிறப்பாலேயே குற்றவாளிகள் என்று பதிவு செய்தது அரசு. சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் ஒழிந்தது 1947-ல்தான். ஒரு கூட்டத்தையே குற்றவாளி ஆக்குவதும் அதே நோயின் இன்னொரு முகம்தான்.

மறுபடியும் மறுபடியும்...

1957-ல் முதுகுளத்தூர் இடைத்தேர்தலைத் தொடர்ந்து மறவர்களுக்கும் பள்ளர்களுக்கும் மோதல் முற்றியது. செப்டம்பர் 10 அன்று கலெக்டர் சமாதானக் கூட்டம் கூட்டினார். மறுநாளே பரமக்குடியில் இம்மானுவேல் சேகரன் கொலை செய்யப்பட்டார். செப்டம்பர் 14 அன்று கீழத்தூவலில் போலீஸ் துப்பாக்கியால் ஐந்து பேர் இறந்தார்கள். பிறகு பல கிராமங்கள் எரிந்தன. பகை முற்றிய பிறகு ஒரே ஒரு நாள் கூட்டம் போட்டால் போதாது என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டுமா?

1997-ல் விருதுநகரைத் தலைமையிடமாகக் கொண்ட போக்குவரத்துக் கழகத்துக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயர் வைத்ததற்கே கலவரம் வந்தது. கடைசியில் எல்லா மாவட்டங்களுக்கும் போக்குவரத்துக் கழகங்களுக்கும் இருந்த தலைவர்கள் பெயரை அரசு நீக்கியது. 'காமராஜர் மாவட்டம்' விருதுநகர் மாவட்டம் ஆனது அப்போதுதான். பேருந்தில் பெயர் போனது, மனதில் இருந்தது போனதா?

நாம் என்ன செய்யலாம்?

அமெரிக்க ஆய்வாளர் கிரிகரி ஸ்டான்டன் இனப்படுகொலையைப் பத்துக் கட்டங்களாகப் பிரிக்கிறார். முதலாவது 'நாம்', 'அவர்கள்' என்று பிரிப்பது. இரண்டாவது அதற்கு அடையாளம் மாட்டுவது. ருவாண்டாவில் அது அடையாள அட்டையில் அச்சிட்ட இனப்பெயர். அங்கே 1994-ல் சுமார் 100 நாளில் ஏறத்தாழ எட்டு லட்சம் பேர் கொல்லப்பட்டார்கள். கொழும்பில் 1983 ஜூலையில் தமிழர் வீடுகளைக் கண்டுபிடிக்க வாக்காளர் பட்டியல் உதவியது.

நம் பள்ளிகளில்? கையில் கட்டும் கலர் கயிறு! 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவனையும் அவன் தங்கையையும் வீடு புகுந்து வெட்டியவர்கள் உடன் படித்த மாணவர்கள். அதன்பின் அமைத்த நீதிபதி சந்துரு குழு 2024 ஜூனில் தந்த அறிக்கையில் இந்தக் கயிறுகளுக்குத் தடை கேட்டது.

1989-ன் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம், வன்கொடுமை நடக்க வாய்ப்புள்ள பகுதிகளை முன்கூட்டியே அடையாளம் காணச் சொல்கிறது. கலெக்டர் ஆபீஸ் அதைச் செய்யட்டும். ஆனால் வகுப்பில் யார் எந்தக் கலர் கட்டுகிறார்கள், எந்தப் பாட்டைப் போட்டு யாரைச் சீண்டுகிறார்கள், எந்த வாட்ஸ்அப் வதந்தி சுற்றுகிறது என்பது கலெக்டருக்கு முன்னால் நமக்குத்தான் தெரியும்.

1939 ஜூலை 8 அன்று மதுரை மீனாட்சி கோயிலுக்குள் வைத்தியநாத ஐயர் அழைத்துப் போனவர்களில் கக்கன் உள்ளிட்ட தாழ்த்தப்பட்டவர்களோடு விருதுநகர் நாடார் ஒருவரும் இருந்தார். சிவகாசி எரிந்து நாற்பதே ஆண்டுகள்தான்! ஆக, மாற்ற முடியும். சிவகாசிக்கு இரண்டு ஆண்டுகள் இருந்தன, யாரும் பயன்படுத்தவில்லை. நமக்கும் இப்போது நாட்கள் இருக்கின்றன. கையில் கயிறு கட்டிய நண்பன் இருந்தால் அவனிடம் இன்றே பேசுங்கள்.