2004-இல் பிரிந்த இரண்டு டேவிட்கள்

பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் இயற்கையைப் பற்றிப் பேசிப் பெயர் வாங்கிய டேவிட்கள் இருவர். டேவிட் அட்டன்பரோவை நம் வீட்டுப் பிள்ளைகளுக்கும் தெரியும். டேவிட் பெல்லமியை இன்று நினைவுபடுத்த வேண்டியிருக்கிறது. நினைவுபடுத்தினாலும், ‘புவி வெப்பமாதலை மறுத்தவர்’ என்ற ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அந்த வரி பொய்யில்லை. ஆனால் ஒரு வாழ்க்கையை அளக்க அது போதாது.

படிப்பைக் கொண்டு பார்த்தால் இருவரில் பெல்லமிதான் அறிவியலாளர். டர்ஹம் பல்கலைக்கழகத்தில் தாவரவியல் கற்பித்தவர். 1967-இல் ‘டோரி கேன்யன்’ எண்ணெய்க் கப்பல் கார்ன்வால் அருகே பாறையில் மோதி உடைந்தபோது, அதன் பாதிப்பை விளக்கப் போய் மக்களுக்கு அறிமுகமானார். அட்டன்பரோ கேம்பிரிட்ஜில் இயற்கை அறிவியல் படித்தவர், தொழிலால் ஒளிபரப்பாளர். பிபிசியில் நிர்வாகப் பதவிகளை வகித்து, அவற்றை உதறிவிட்டு வந்து 1979-இல் ‘லைஃப் ஆன் எர்த்’ தந்தார். அவர் குரலைத் தாழ்த்தி விலங்குக்கு இடம்விடுவார். பெல்லமி தாடியும் ஆரவாரமுமாகச் சேற்றில் இறங்கி, பாசியைக் கையிலெடுத்து ஆனந்தப்படுவார். நகராத செடியை மக்கள் உட்கார்ந்து பார்க்கும்படி செய்தது சாதாரண வேலையல்ல.

துணிச்சலிலும் பெல்லமிதான் ஒரு படி மேல். 1983-இல் டாஸ்மேனியாவின் பிராங்க்ளின் ஆற்றில் அணை கட்டுவதை எதிர்த்த மறியலில் கலந்துகொண்டு சிறைக்குப் போனார். அதே ஆண்டு ஆஸ்திரேலிய உயர் நீதிமன்றத் தீர்ப்பால் அந்த அணைத் திட்டம் நின்றது. அட்டன்பரோ அந்தக் காலத்தில் இப்படிப்பட்ட போராட்டங்களின் பக்கம் தலைவைத்தும் படுக்காதவர்.

இருவரும் எதிரெதிர்த் திசையில் பிரிந்த ஆண்டு 2004. அதுவரை அட்டன்பரோவுக்கும் காலநிலை மாற்றத்தில் ஐயம் இருந்தது. பெல்ஜியத்தில் வளிமண்டல வேதியியலாளர் ரால்ப் சிசரோன் ஆற்றிய உரையும் அவர் காட்டிய வரைபடங்களும்தான் அந்த ஐயத்தைத் தீர்த்தன என்று அவரே பின்னர் சொன்னார். அதே ஆண்டு ஜூலையில் பெல்லமி ‘டெய்லி மெயில்’ நாளிதழில், புவி வெப்பமாதல் வெறும் பிதற்றல் என்று எழுதினார்.

மறு ஆண்டு ‘நியூ சயின்டிஸ்ட்’ இதழுக்கு அவர் எழுதிய கடிதம்தான் இந்த ஒப்பீட்டின் மையம். உலகப் பனியாற்றுக் கண்காணிப்பு மையம் கவனித்துவரும் 625 பனியாறுகளில் 555 வளர்ந்துவருகின்றன என்றார். மையம் அதை அடியோடு மறுத்தது. பத்திரிகையாளர் ஜார்ஜ் மான்பியோ அந்த எண்ணின் வேரைத் தேடிப் போனார். பெல்லமி நம்பிய இணையதளத்தில் இருந்தது 55 விழுக்காடு, அதுவே ஆதாரமற்றது. ஆங்கில விசைப்பலகையில் 5-க்கும் விழுக்காட்டுக் குறிக்கும் ஒரே விசை. ‘ஷிப்ட்’டை அழுத்தாமல் விட்டால் 55% என்பது 555 ஆகிவிடும். தட்டச்சுப் பிழையை யாரும் மன்னிக்கலாம். ஆனால் தன் மாணவன் இப்படியோர் எண்ணைக் கொண்டுவந்திருந்தால் மூலம் எங்கே என்று கேட்டிருக்க வேண்டிய ஆசிரியர், தன் கருத்துக்குத் தோதாக இருந்ததால் அதைக் கேட்காமல் விட்டார். இதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. பனியாறு அவர் துறையல்ல, அட்டன்பரோவுக்கும் அல்ல. ஆனால் அட்டன்பரோ அளந்தவரிடம் போய்க் கேட்டார்.

இயற்கைப் பாதுகாப்பு அமைப்பான வைல்டுலைஃப் டிரஸ்ட்ஸின் தலைவர் பதவி 2005-இல் பெல்லமியின் கையைவிட்டுப் போனது. காலநிலை விவாதத்திலிருந்து விலகுவதாக அறிவித்தவர், 2007-இல் அதே வாதத்தோடு ஓர் ஆய்விதழில் கட்டுரை எழுதினார். தன் கருத்துகளுக்காகவே தொலைக்காட்சி தன்னை ஒதுக்கியது என்றும் சொல்லிவந்தார். ஆனால் திரையில் அவர் அரிதாகத் தொடங்கியது இந்தச் சர்ச்சைக்கு முன்பே, 1990-களில்.

அட்டன்பரோவையும் முழுதாக விடுவிக்க முடியாது. அழியும் உலகின் அழகை மட்டும் காட்டி அழிவை மறைக்கிறார் என்று 2018-இல் அவரைக் கடிந்தவரும் இதே மான்பியோதான். அதில் நியாயம் இருக்கிறது. ‘கிளைமேட் சேஞ்ச்: தி ஃபாக்ட்ஸ்’ படத்தில் அவர் ஒளிவுமறைவின்றிப் பேசியபோது அவருக்கு வயது 92. அவர் தயங்கிய அந்த ஆண்டுகளில், காலநிலைக்காகவும் சிறைக்குப் போகத் துணிந்த, மக்கள் நேசித்த ஒரு தாவரவியலாளர் தேவைப்பட்டார். பிரிட்டனில் அதற்குப் பெல்லமியைவிடப் பொருத்தமானவர் இருக்கவில்லை.