நீதிமன்றக் கட்டணமும் மேல்முறையீட்டு உரிமையும் – ஒரு வரலாற்றுப் பார்வை

எல்லாப் புகழும் இறைவனுக்கே! அமானிதங்களை உரியவரிடம் ஒப்படைக்குமாறும், மக்களிடையே தீர்ப்பளிக்கும்போது நீதியுடன் தீர்ப்பளிக்குமாறும் திருக்குர்ஆனின் அந்நிஸா அத்தியாயம் 58ஆம் வசனம் கட்டளையிடுகிறது. பள்ளிவாசலின் நிலமும் கடைகளும் மையவாடியும் நம்மிடம் உள்ள அமானிதங்களே. அவற்றைக் காக்க நீதிமன்றம் செல்லும்போது முதலில் எதிர்ப்படுவது நீதிமன்றக் கட்டணம். அது கட்டப்படாமல் பிராது நிராகரிக்கப்பட்டால், வழக்கே தோற்றுவிட்டது என்றெண்ணிக் கைவிடுவோர் உண்டு. அவ்வெண்ணம் சரியன்று என்பதை வரலாறு நமக்குக் காட்டுகிறது.

காஜிகளுக்குப் பைத்துல்மாலிலிருந்து ஊதியம் அளிப்பதே இஸ்லாமிய நீதி மரபு. வங்காளத்தில் கும்பெனி ஆட்சியின்போது 1793இல் காரன்வாலிஸ் பிரபு வழக்குத் தொடுக்கும் கட்டணத்தை நீக்கினார். ஆனால் 1795ஆம் ஆண்டின் ஒழுங்குவிதி அதனை மீண்டும் கொணர்ந்தது. வீண் வழக்குகளைத் தடுப்பதே நோக்கம் எனக் கூறப்பட்டது. 1835இல் மெக்காலே இக்காரணத்தைக் கடுமையாகச் சாடினார். கட்டணம் பொய் வழக்காளியை மட்டுமா தடுக்கும்? நியாயமுள்ள ஏழையையும் அன்றோ தடுக்கும்!

எனினும் கட்டணம் நிலைத்தது. 1870இல் நீதிமன்றக் கட்டணச் சட்டம் பிறந்தது. நம் மாநிலத்திற்கெனத் தனிச் சட்டம் 1955இல் வந்தது. சொத்தின் மதிப்பில் நூற்றுக்கு ஏழரை ரூபாய் என நெடுங்காலம் இருந்த கட்டணம், 2017இல் 3 ரூபாயாகக் குறைக்கப்பட்டது. 10 இலட்ச ரூபாய் வழக்குக்கு 75,000 ரூபாய் கட்டிய நிலை மாறி, 30,000 ரூபாய் போதும் என்றாயிற்று.

கட்டணம் குறைந்தால் மனுவின் கதி என்ன? 1890இல் அலகாபாத் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, போதிய கட்டணமில்லாத மேல்முறையீடு மேல்முறையீடே அன்று எனக் கண்டிப்பாகக் கூறிற்று. இதன் கடுமையை உணர்ந்து 1892இல் சட்டம் திருத்தப்பட்டது. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், 149ஆம் பிரிவின் வாயிலாக அச்சலுகையை மேலும் விரிவாக்கியது. நீதிமன்றம் அனுமதித்துப் பின்னர் கட்டப்படும் தொகை, தொடக்கத்திலேயே கட்டப்பட்டதற்குச் சமமாகும். அலகாபாத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் 1970இல் உச்ச நீதிமன்றமும் இதனை உறுதி செய்தது.

கட்டணக் குறைவை நிறைவு செய்ய நீதிமன்றம் தவணை அளித்தும் கட்டாவிடில், 7ஆம் கட்டளை 11ஆம் விதிப்படி பிராது நிராகரிக்கப்படும். 1976ஆம் ஆண்டுத் திருத்தத்திற்குப் பின், விதிவிலக்கான காரணம் இருந்தாலன்றித் தவணை நீட்டிக்கப்படாது. ஆயினும் 2(2)ஆம் பிரிவின்படி அந்நிராகரிப்பு ஒரு தீர்ப்பாணையாகவே கருதப்படும். ஆகவே 96ஆம் பிரிவின்கீழ் மேல்முறையீடு செய்யலாம். மாவட்ட நீதிமன்றத்திற்கு 30 நாள், உயர் நீதிமன்றத்திற்கு 90 நாள் கெடு. தீர்ப்பின் நகல் பெற ஆகும் காலம் இதில் சேராது. மேல்முறையீட்டு மனுவுக்கும் கட்டணம் உண்டு. பிராதை ஏற்குமாறு மேல் நீதிமன்றம் ஆணையிட்டால் அத்தொகையைத் திரும்பப் பெற 1870ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே, அதன் 13ஆம் பிரிவில், வழி வகுக்கப்பட்டுள்ளது.

வசதியற்றோருக்கு 33ஆம் கட்டளை துணை நிற்கிறது. முன்னர் 'பாப்பர்' எனப்பட்டோர் 1976 முதல் 'வறியவர்' எனப்படுகின்றனர். தனி மனிதர் மட்டுமின்றி, சட்டத்தின் பார்வையில் ஆளாகக் கருதப்படும் அமைப்பும் இச்சலுகையைக் கோரலாம் என 2001இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. வருவாயற்ற சிறு பள்ளிவாசல்களின் நிர்வாகிகள் இதனை மனத்திற் கொள்ள வேண்டும்.

நிராகரிக்கப்பட்ட பின் புதிய பிராது தாக்கல் செய்ய 13ஆம் விதி இடமளிக்கிறது. ஆனால் காலவரையறை நமக்காகக் காத்திராது. முன்பு வக்ஃபின் அசையாச் சொத்தை மீட்கும் வழக்குகளுக்கு 1995ஆம் ஆண்டு வக்ஃப் சட்டத்தின் 107ஆம் பிரிவு காலவரையறையிலிருந்து விலக்களித்தது. 2025 ஏப்ரல் 8 அன்று நடைமுறைக்கு வந்த திருத்தச் சட்டம் அப்பிரிவை நீக்கிவிட்டது. வக்ஃப் தீர்ப்பாயத்தின் ஆணையை எதிர்த்து 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய அதே சட்டம் வழி செய்துள்ளது. முன்பு தாமதத்தால் நேராத இழப்பு இனி நேரக்கூடும்.

எனவே முத்தவல்லிகளும் நிர்வாகக் குழுவினரும் வழக்குத் தொடுக்கும் முன்பே சொத்தின் மதிப்பைக் கணித்துக் கட்டணத்தை ஒதுக்கி வைத்தல் வேண்டும். ஒவ்வொரு தவணை நாளையும் பொறுப்பேட்டில் குறித்து வைத்தல் வேண்டும். பிராது நிராகரிக்கப்பட்டால் அன்றே நகலுக்கு மனுச் செய்து, வழக்கறிஞரைக் கலந்து, கெடுவுக்குள் மேல்முறையீடு செய்தல் வேண்டும். முன்னோர் அல்லாஹ்வின் திருப்பொருத்தம் நாடி எழுதி வைத்த சொத்து, நமது அசட்டையால் கைநழுவிப் போகலாகாது. அமானிதத்தைப் பேணும் நல்லடியார்களாக அல்லாஹ் நம் அனைவரையும் ஆக்கியருள்வானாக! ஆமீன்.