கதவில்லாத கலைக்கூடம்

மெல்பர்னில் ஃபெடரேஷன் சதுக்கத்துக்கு எதிரே, ஃப்ளிண்டர்ஸ் தெருவிலிருந்து மேடேறும் கருங்கல் பாவிய சந்து ஹோசியர் லேன். குப்பைத்தொட்டிகள் நிற்கும் இந்தக் குறுகிய சந்துதான் ஆஸ்திரேலியத் தெரு ஓவியத்தின் முகவரி. இதில் பெரும்பங்கு ஒரு சிறிய சுயேச்சைக் கலைக்கூடத்துக்கு உண்டு.

ஆண்ட்ரூ மேக் 1996-இல் தொடங்கிய 'சிட்டிலைட்ஸ்' அமைப்பின் காட்சிக்கூடத்துக்குக் கூரையும் இருக்கவில்லை, கதவும் இருக்கவில்லை. முதலில் சென்டர் பிளேஸிலும் பிறகு ஹோசியர் சந்திலும் சுவரில் விளக்குப் பெட்டிகளைப் பொருத்தி (நம்மூர்க் கடைகளின் ஒளிரும் பெயர்ப்பலகையை நினைத்துக்கொள்ளலாம்) அவற்றில் ஓவியங்களை வைத்தார்கள். இரவு இரண்டு மணிக்கும் பார்க்க முடிந்தது, அனுமதிச்சீட்டும் இருக்கவில்லை. பெட்டிகளைச் சுற்றியிருந்த சுவர்களும் நிறையத் தொடங்கின. 'ஹாஹா' என்ற பெயரில் இயங்கிய ரீகன் தமானுய் போன்ற ஸ்டென்சில் ஓவியர்கள் இக்காலத்தில் கவனம் பெற்றனர். கொள்ளைக்காரன் நெட் கெல்லியின் முகம் இவரது அடையாளம். பின்னாளில் 'அன்டில் நெவர்' என்ற கூடத்தையும் மேக் இதே சந்தில் நடத்தினார்.

அரசின் நிலைதான் வேடிக்கை. விக்டோரியாவின் 2007-ஆம் ஆண்டுச் சட்டப்படி, ரயில், டிராம் வளாகங்களில் தகுந்த காரணமின்றி ஸ்ப்ரே டப்பா வைத்திருப்பதே குற்றம். அதே வேளையில் சுற்றுலாப் பயணிகளை ஈர்க்கவும் இந்தச் சந்துகள்தான் தேவைப்பட்டன. 2004-இல் வந்த கொரியத் தொலைக்காட்சித் தொடர் ஒன்று இங்கே படமாக்கப்பட்டதால், அந்நாட்டுப் பயணிகள் இதைத் தேடியே வருவதுண்டு.

பாதுகாக்கும் முயற்சிகளும் கைகொடுக்கவில்லை. பேங்க்ஸி 2003-இல் காக்கர் சந்தில் வரைந்த முக்குளிப்பான் ஓவியத்துக்குக் கண்ணாடி போன்ற பிளாஸ்டிக் தடுப்பு போட்டார்கள். 2008 டிசம்பரில் யாரோ அதற்குப் பின்னால் வெள்ளிநிறப் பெயின்டை ஊற்றிவிட்டார்கள். ஹோசியர் சந்திலிருந்த அவரது பாராசூட் எலியை, 2010-இல் மாநகராட்சி அனுப்பிய துப்புரவாளர்களே அறியாமல் அழித்தார்கள். 2013-இல் ஏட்ரியன் டாய்ல் பக்கத்து ரட்லெட்ஜ் சந்து முழுவதையும், தரை உட்பட, அனுமதி பெற்றே வெளிர்நீலமாக்கினார். ஓரிரு நாட்களிலேயே அதன்மேல் புதுக் கிறுக்கல்கள் வந்துவிட்டன. தமிழ்நாட்டுக் கட்சிக்காரர்களைப் போலச் சுவரை 'ரிசர்வ்' செய்யும் வழக்கம் இங்கில்லை!

சிட்னியில் வேறு வழி பிடித்தார்கள். செயின்ட் பீட்டர்ஸ் பகுதியின் மே லேனில், 2005 முதல், டூகி பாலோக் தன் கட்டடச் சுவரில் கழற்றக்கூடிய பலகைகளை மாட்டி ஓவியர்களை அழைத்தார். முடிந்த பலகைகள் சேமிக்கப்பட்டு, பின்னர் பல ஊர்க் கலைக்கூடங்களுக்குப் பயணம் போயின. ஓவியங்கள் பிழைத்தன. ஆனால் அவற்றின் மேல் இன்னொருவர் வரைய முடியாது, மழையும் படாது. எனக்கென்னவோ அந்தப் பாதி இழப்பு சிறியதாகத் தெரியவில்லை.