பி. ரம்லியின் கதையும் அதைச் சொன்ன படமும்



பி. ரம்லியின் பெயரை அறியாத வீடு நம் நாட்டில் உண்டோ? தோட்டத்து லயங்களிலும் அவர் பாட்டு வானொலியில் கேட்டதுதான். ஆனால் அவர் கடைசிக் காலம் எப்படிக் கழிந்தது என்று கேட்டால் பலரும் விழிப்போம். 2010இல் சுஹைமி பாபா என்ற பெண் இயக்குநர் எடுத்த 'பி. ரம்லி' என்னும் விவரணப்படம் ஹிஸ்டரி தொலைக்காட்சியில் வந்தது. கூடப் பழகியவர்களைப் பேச வைத்து, பழைய படச்சுருள்களையும் சேர்த்து, நடந்ததை நடந்தபடி சொல்லப் பார்த்தது அந்தப் படம்.

1929இல் பினாங்கில் பிறந்த ரம்லி, 1948இல் சிங்கப்பூர் சென்று ஜாலான் அம்பாஸிலிருந்த ஷா சகோதரர்களின் ஸ்டூடியோவில் சேர்ந்தார். இங்கேதான் நமக்கு ஒரு சங்கதி இருக்கிறது. அந்நாளில் மலாய்ப் படங்களை இயக்கியவர்களில் பலர் இந்தியாவிலிருந்து வந்தவர்கள். ரம்லியின் முதல் படமான 'சிந்தா'வை எடுத்தவர் பி. எஸ். ராஜ்ஹான்ஸ். 1950இல் 'பக்தி' படத்தில் அவரைக் கதாநாயகனாக்கியவர் யார் தெரியுமா? எல். கிருஷ்ணன். சென்னையில் பிறந்து, சிறுவயதிலேயே பினாங்குக்கு வந்த நம்ம ஆளு! மலாய்ப் படங்களில் ஆட்டமும் பாட்டும் நிறைந்திருந்ததற்கு இவர்கள் கொண்டுவந்த பழக்கமும் ஒரு காரணம்.

1955இல் 'பெனாரிக் பேச்சா' மூலம் ரம்லி தாமே இயக்குநரானார். ஏழை ரிக்‌ஷாக்காரனின் கதை அது. 1957இல் தோக்கியோவில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் 'அனாக்கு சசாலி' படத்துக்காகச் சிறந்த நடிகர் விருதும் பெற்றார்.

பிறகுதான் சறுக்கல். 1964இல் கோலாலம்பூர் வந்து, உலு கிள்ளான் மெர்டேக்கா ஸ்டூடியோவில் 18 படங்களை இயக்கினார். ஆனால் சாதனங்கள் போதவில்லை. இந்தோனேசியாவுடன் ஏற்பட்ட மோதலால் அந்த நாட்டுச் சந்தையும் கைவிட்டுப் போயிற்று. 1963இறுதியில் தொடங்கிய தொலைக்காட்சி வீட்டுக்குள் வந்துவிட்டது. வெளிநாட்டு வண்ணப்படங்களுக்கு முன்னால் கறுப்பு வெள்ளை எடுபடுமா? நாமும்தான் எம்.ஜி.ஆர்., சிவாஜி படம் என்றால் சைக்கிள் மிதித்துப் பட்டணத்துக்குப் போனோமே தவிர, ரம்லி படத்துக்கா போனோம்? முதலாளிமார் மேல் மட்டும் பழியைப் போடுவது நியாயமில்லை என்பது என் எண்ணம்.

1973 மே 29ஆம் நாள், 44 வயதில், மாரடைப்பால் ரம்லி மறைந்தார். 'டான்ஸ்ரீ' பட்டம் 1990இல், அதாவது 17 ஆண்டு கழித்து வந்தது. விவரணப்படம் வர 37 ஆண்டு ஆயிற்று. அதைப் பார்த்து, "இவ்வளவு பெரிய கலைஞனை இப்படியா விட்டுட்டோம்!" என்று கண்கலங்கியவர்கள் பலர். பாட்டை மட்டுமே அறிந்திருந்த இளையவர்களுக்கு அந்த மனிதரையும் அது காட்டியது.

படம் வந்தபோது எல். கிருஷ்ணன் உயிரோடு இருந்தார். 2014இல் அவரும் காலமானார். இப்படி ஒவ்வொருவராகப் போனபின் யாரைக் கேட்பது?

அதனால் மாணவர்களே, உங்களிடம் ஒரு வேலை ஒப்படைக்கிறேன். தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்தைத் தாத்தா பாட்டியிடம் கேளுங்கள். இயந்திரத்தைக் கொண்டுவந்தது யார், என்ன படம், மழை வந்தால் என்ன செய்தார்கள்? கைத்தொலைபேசியிலேயே பதிவு செய்து, பெயரும் தேதியும் குறித்து, பள்ளி நூலகத்தில் கொடுங்கள்.