கண் காணாத ஊரும் காதில் ஒலிக்கும் குரலும்



முகம் காணாத ஒருவரின் குரலைக் கேட்டு, சென்றறியாத இடத்தை மனக்கண்ணால் காண்பது வானொலி நேயர்களுக்குப் பழகிய செயல். ஆனால் அந்த இடத்திலேயே நின்றுகொண்டு, கண்முன் உள்ளதைப் பார்த்தவாறே, அங்கு இப்போது இல்லாத ஒன்றைக் குரலால் அறிந்துகொள்வது சற்று வேறான அனுபவம். உலகின் பெருநகரப் பூங்காக்கள் சிலவற்றில் இன்று அவ்வாறு நடப்போரைக் காணலாம். அவர்களுக்கு முன்னே வழிகாட்டி ஒருவரும் செல்வதில்லை. கையில் ஒரு திறன்பேசி, காதிற் செருகிய ஒரு சிறு ஒலிக்கருவி, இவ்வளவே. விரும்பிய இடத்தில் நிற்பர். விரும்பாத இடத்தைக் கடந்து செல்வர். விளங்காததை மீண்டும் கேட்பர்.

இம்முறைக்கும் வானொலிக்கும் நெருங்கிய உறவு உண்டு. 1952ஆம் ஆண்டில் ஆம்ஸ்டர்டாம் நகரின் ஸ்டெடலிக் நூதனசாலையில் பார்வையாளருக்கான விளக்கவுரை, அக்கட்டடத்துக்குள் மட்டும் கேட்கக்கூடிய சிற்றலை வானொலி மூலம் ஒலிபரப்பப்பட்டது. நூதனசாலைகளின் ஒலி வழிகாட்டி அங்கேதான் தொடங்கியது என்பர். அந்த உரை அனைவருக்கும் ஒரே வேளையில் ஒலித்தது. ஆதலால் அனைவரும் ஒரே வேளையில் ஒரே படத்தை நோக்கித் திரும்ப வேண்டியிருந்தது. பின்னர் ஒலிப்பதிவு நாடாக்கள் வந்தன. இன்றோ, நடப்பவர் எங்கே நிற்கிறார் என்பதைச் செய்மதிகளின் துணைகொண்டு அறிந்து, அந்த இடத்தின் கதையைச் சொல்லும் ஆற்றலைத் திறன்பேசி பெற்றுவிட்டது. கூட்டத்தோடு கேட்ட குரல் தனி ஒருவரின் துணையாக மாறியிருக்கிறது.

இத்துணையோடு நாம் இன்று ஒரு பூங்காவுக்குச் செல்வோம். நியூயோர்க் மாநகரின் மன்ஹற்றன் தீவில் ‘சென்றல் பார்க்’ எனப்படும் மத்திய பூங்கா அது. தெற்கே 59ஆம் தெரு முதல் வடக்கே 110ஆம் தெரு வரை இரண்டரை மைல் நீளமும், அரை மைல் அகலமும் கொண்டது. பரப்பு 843 ஏக்கர். அதனைப் பேணும் அமைப்பே ஒலி வழிகாட்டி ஒன்றை வழங்குகிறது. வேறு பலரும் வழங்குகின்றனர்.

இத்துணைப் பெரிய பரப்பில் வழி தவறினால் என்ன செய்வது என்று கேட்கலாம். திறன்பேசி தோன்றுவதற்கு நெடுங்காலத்துக்கு முன்பே அதற்கு ஒரு வழி செய்துவைத்தார்கள். பூங்காவின் விளக்குக் கம்பங்களில் நான்கு இலக்கங்கள் பொறிக்கப்பட்டுள்ளன. முதல் இரண்டும் அருகிலுள்ள குறுக்குத் தெருவின் எண்ணைக் காட்டும். கடைசி இலக்கம் இரட்டை எண்ணாயின் கிழக்குப் பக்கம், ஒற்றை எண்ணாயின் மேற்குப் பக்கம். 85 என்று தொடங்கி ஒற்றை எண்ணில் முடியும் கம்பம் ஒன்றை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நாம் சென்று சேரவேண்டிய இடம் அதுவே. அதற்கு முன் தெற்கிலிருந்து நடந்து வருவோம்.

1811ஆம் ஆண்டில் நியூயோர்க் நகரின் வளர்ச்சிக்கென ஒரு திட்டம் வகுக்கப்பட்டது. தெருக்கள் யாவும் சதுரங்கப் பலகையின் கோடுகள் போல நேர்நேராக அமைந்த அத்திட்டத்தில், மக்கள் மூச்சுவிடுவதற்கான திறந்த வெளிகள் மிகச் சிலவே இருந்தன. சனத்தொகை பெருகியது, நெருக்கமும் நோயும் பெருகின. 1844ஆம் ஆண்டில் கவிஞரும் பத்திரிகை ஆசிரியருமான வில்லியம் கலன் பிரயன்ற் நகருக்கு ஒரு பெரிய பூங்கா வேண்டுமென எழுதினார். 1853ஆம் ஆண்டில் மாநிலச் சட்டமன்றம் அதற்கான நிலத்தை எடுத்துக்கொள்ளச் சட்டம் இயற்றியது. பூங்காவின் அமைப்புக்காக நடத்திய போட்டியில் 33 திட்டங்கள் வந்தன. 1858ஆம் ஆண்டில் பரிசு பெற்றது பிரெடரிக் லோ ஓம்ஸ்ரெட், கல்வேர்ட் வோ என்னும் இருவரின் திட்டமாகும்.

தெற்கு வாயிலால் நுழைந்தவுடன் பெரும் பாறைகள் தென்படுகின்றன. அவற்றின் முதுகில் ஆழ்ந்த கீறல்களைக் காணலாம். பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன் இப்பகுதியை மூடியிருந்த பனிப்பாளம் நகர்ந்தபோது இட்ட வடுக்கள் அவை. இப்பாறைகளே இங்கு இயற்கை நமக்கு விட்டுச்சென்றவை. மற்றவற்றில் பெரும்பாலானவை மனிதர் ஆக்கியவை. சதுப்பு நிலத்தைத் தோண்டி ஏரியாக்கினர். பாறைகளை வெடிமருந்தால் தகர்த்தனர். மண் போதாத இடங்களுக்கு நியூ ஜேர்சியிலிருந்து மண் கொணர்ந்தனர். காடுபோலத் தோன்றும் ‘ராம்பிள்’ என்னும் பகுதியின் வளைந்த ஒற்றையடிப் பாதைகளும் திட்டமிட்டே வளைக்கப்பட்டவை. நகரின் வண்டிகள் பூங்காவைக் குறுக்கே கடக்கும் நான்கு வீதிகளை நிலமட்டத்துக்குக் கீழே தாழ்த்தி அமைத்தனர். அதனால் புல்வெளியில் நிற்பவன் கண்ணுக்கு அவ்வண்டிகள் தெரிவதில்லை. தன் உழைப்பை மறைத்துக்கொள்வதே இப்பூங்காவின் கலை எனலாம்.

இருபுறமும் எல்ம் மரங்கள் கிளைகோத்து நிற்கும் நடைசாலையைக் கடந்தால், பெதஸ்டா என்னும் மேடையும் நீரூற்றும் வரும். ஊற்றின் மேல் சிறகு விரித்து நிற்கும் தேவதையின் சிலையை வடித்தவர் எம்மா ஸ்ரெபின்ஸ் என்னும் பெண் சிற்பி. 1873ஆம் ஆண்டில் அது திறந்துவைக்கப்பட்டது. தேவதையின் கையில் உள்ள அல்லி மலர் தூய நீரின் சின்னம். வாந்திபேதியால் பலமுறை வாடிய நகருக்கு 1842ஆம் ஆண்டில் குரோற்றன் ஆற்றிலிருந்து நல்ல தண்ணீர் வந்து சேர்ந்ததை அது நினைவூட்டுகிறது. அந்தத் தண்ணீரைத் தேக்கிய பெருந்தொட்டி ஒன்று, பூங்கா தோன்றுவதற்கு முன்பே 79ஆம் தெருவுக்கும் 86ஆம் தெருவுக்கும் இடையே கட்டப்பட்டிருந்தது. இருபதாம் நூற்றாண்டில் அதை நிரப்பி, பெரும் புல்வெளியாக்கினர்.

இனி அப்புல்வெளிக்கு மேற்கே செல்வோம். 85 என்று தொடங்கும் விளக்குக் கம்பம் இதோ. சுற்றிலும் பாருங்கள்: சில பாறைகள், சரிவான புற்றரை, நிழல் மரங்கள், விளையாடும் சிறுவர். கண்ணுக்கு வேறொன்றும் இல்லை. இங்கேதான் காதுக்கு வேலை வருகிறது. 82ஆம் தெருவுக்கும் 89ஆம் தெருவுக்கும் இடையே, இதே நிலத்தில், செனக்கா கிராமம் என்னும் ஓர் ஊர் இருந்தது.

1825ஆம் ஆண்டில் வைற்ஹெட் என்னும் தம்பதியர் தங்கள் நிலத்தைத் துண்டு துண்டாக விற்கத் தொடங்கினர். முதலில் வாங்கியவர் அன்ட்ரூ வில்லியம்ஸ் என்னும் 25 வயது இளைஞர், பாதணிகளுக்கு மெருகிடும் தொழிலாளி, ஆபிரிக்க அமெரிக்கர். மூன்று துண்டு நிலத்துக்கு அவர் கொடுத்த விலை 125 டொலர். எப்பிபனி டேவிஸ் என்னும் கடைச் சிப்பந்தி 578 டொலருக்குப் பன்னிரண்டு துண்டுகளை வாங்கினார். ஆபிரிக்க அமெரிக்கர்களின் சீயோன் மெதடிஸ்த திருச்சபையும் நிலம் வாங்கியது. நியூயோர்க் மாநிலத்தில் அடிமைமுறை முற்றாக ஒழிந்தது 1827ஆம் ஆண்டிலேயே என்பதை நினைவிற் கொண்டால், அதற்கு ஈராண்டு முன்னரே கறுப்பின மக்கள் சொந்த நிலத்தில் ஓர் ஊரை எழுப்பத் தொடங்கினர் என்பதன் பொருள் விளங்கும்.

நிலம் அவர்களுக்கு வெறும் குடியிருப்பு மட்டுமன்று. 1821ஆம் ஆண்டின் மாநில அரசியலமைப்பின்படி, கறுப்பின ஆடவர் வாக்களிக்க வேண்டுமாயின் குறைந்தது 250 டொலர் பெறுமதியான சொத்து அவர்களுக்கு இருக்கவேண்டும். வெள்ளையருக்கு அத்தகைய கட்டுப்பாடு நீங்கிவிட்டிருந்தது. 1845ஆம் ஆண்டில் நியூயோர்க் நகரில் வாக்குரிமை பெற்ற கறுப்பினத்தவர் ஏறத்தாழ 100 பேரே. அவர்களுள் 10 பேர் இச்சிற்றூரில் வாழ்ந்தனர். ஒரு துண்டு நிலம் போனால் அதனோடு ஒரு வாக்கும் போகும் என்பது இதனால் தெளிவு.

1855ஆம் ஆண்டளவில் ஊரில் ஏறத்தாழ 225 பேர் இருந்தனர். மூவரில் இருவர் ஆபிரிக்க அமெரிக்கர். எஞ்சியோரில் பெரும்பாலானோர் அயர்லாந்திலிருந்து வந்து குடியேறியவர்கள். ஐம்பதுக்கு மேற்பட்ட வீடுகளும், மூன்று தேவாலயங்களும், ஒரு பாடசாலையும், இடுகாடுகளும் இருந்தன. சகல தேவதூதர் ஆலயத்தில் கறுப்பினத்தவரும் வெள்ளையரும் சேர்ந்தே வழிபட்டனர். நகரின் நெருக்கடியான தெற்குப் பகுதியில் வெறுப்புக்கும் வன்முறைக்கும் ஆளானவர்கள், இங்கே தோட்டம் இட்டு, கால்நடை வளர்த்து, பிள்ளைகளைப் படிக்கவைத்து வாழ்ந்தனர்.

பூங்காவுக்கென ஒதுக்கிய நிலத்துள் இவ்வூரும் அகப்பட்டது. அக்காலப் பத்திரிகைகள் சில, அப்பகுதி மக்களை அனுமதியின்றிக் குடிசை போட்டு வாழும் கூட்டத்தினர் என இழித்து எழுதின. உறுதி வைத்திருந்த நிலச் சொந்தக்காரரும் அவ்வாறே இகழப்பட்டனர். அரசு நட்டஈடு கொடுத்தது. அன்ட்ரூ வில்லியம்ஸ் தம் வீட்டுக்கும் நிலத்துக்கும் 3,500 டொலர் கேட்டார். கிடைத்தது 2,335 டொலர். அவர் முதலில் கொடுத்த விலையோடு ஒப்பிட்டால் அது பெருந்தொகைதான். ஆயினும் முப்பதாண்டு உறவை எந்தத் தொகையாலும் மீண்டும் வாங்க முடியாதன்றோ? 1857ஆம் ஆண்டு முடிவதற்குள் ஊர் காலியாயிற்று. பூங்காவின் முழுப் பரப்பிலுமிருந்து வெளியேற்றப்பட்டோர் ஏறத்தாழ 1,600 பேர். செனக்கா மக்கள் பல திசைகளிலும் சிதறினர். மீண்டும் ஓர் ஊராகக் கூடவில்லை.

அதன்பின் நூறு ஆண்டுகளுக்கும் மேலாகப் புல் வளர்ந்தது, மறதியும் வளர்ந்தது. 1992ஆம் ஆண்டில் ரோய் ரோசன்ஸ்வைக், எலிசபெத் பிளாக்மார் என்னும் வரலாற்றாசிரியர் இருவர் இப்பூங்காவின் வரலாற்றை எழுதியபோது, இவ்வூரின் கதை மீண்டும் பொதுமக்கள் கவனத்துக்கு வந்தது. 2011ஆம் ஆண்டில் தொல்லியலாளர் இங்கு அகழ்ந்தனர். ஆலயப் பணியாளராயிருந்த வில்லியம் வில்சன் என்பவருடைய வீட்டின் அத்திவாரம் வெளிப்பட்டது. ஓர் இரும்புத் தேநீர்க் கேத்தலும் ஒரு குழந்தையின் தோற்சப்பாத்தும் கிடைத்தன. குடிசைக் கூட்டம் என்று எழுதிய பத்திரிகைகளுக்கு நூற்றைம்பது ஆண்டுகள் கழித்து மண்ணே மறுமொழி சொன்னது. 2019ஆம் ஆண்டில் அவ்விடத்தில் விளக்கப் பலகைகளும் நிறுத்தப்பட்டன.

நேயர்களே, இந்தப் பூங்காவை அமைத்தது தவறு என்று நான் சொல்ல வரவில்லை. ஆண்டொன்றுக்கு 4 கோடிக்கு மேற்பட்ட வருகைகள் அங்கு நிகழ்வதாகக் கணக்கிடுவர். ஏழைக்கும் செல்வனுக்கும் ஒரே நிழல் தரும் இடம் அது. இருநூறுக்கு மேற்பட்ட பறவையினங்கள் வந்து தங்கும் இடம். எத்தனையோ பேருக்கு அது நன்மை செய்தது. ஆனால் அந்த நன்மைக்கு யார் விலை கொடுத்தார்கள் என்பதைத் தெரிந்துகொண்டு அந்நிழலில் அமர்வது, தெரியாமல் அமர்வதினும் மேலானது.

இங்கேதான் காதில் ஒலிக்கும் குரலின் பெருமையும், அதன் குறையும் ஒருங்கே புலப்படுகின்றன. அழகைக் காண்பதற்குக் கண் போதும். இழப்பை அறிவதற்கு ஒருவர் சொல்லவேண்டியிருக்கிறது. ஆனால் சொல்பவர் அறிந்ததையே குரலும் சொல்லும். 1952ஆம் ஆண்டிலேயே இப்பூங்காவுக்கு ஓர் ஒலி வழிகாட்டி அமைத்திருந்தால், அது நீரூற்றையும் ஏரியையும் புகழ்ந்துவிட்டு, 85ஆம் தெருவின் அருகே மௌனமாகக் கடந்து சென்றிருக்கும். கருவி எத்துணை நுட்பமாயினும், எழுதுகிறவன் தேடாததை அது தேடித் தராது. மேலும், விரும்பாததைக் கடந்து செல்லும் உரிமை இன்று கேட்பவனிடமே உண்டு. பொத்தானைத் தொட்டால் கிராமத்தின் கதை நின்றுவிடும். மீண்டும் ஒருமுறை ஊர் மறைந்துவிடும்.

ஆகவே குரலைக் கேட்டு நடப்பவர் இரண்டு கடமைகளை ஏற்கவேண்டும். ஒன்று, கசப்பான பகுதி வரும்போது கடந்து செல்லாமல் நின்று கேட்பது. மற்றது, குரல் ஓய்ந்தபின் கருவியைக் காதிலிருந்து எடுத்துவிட்டுச் சிறிது நேரம் அங்கேயே நிற்பது. காற்றில் இலை அசையும். எங்கோ ஒரு பிள்ளை சிரிக்கும். அதே இடத்தில் முன்னொரு காலத்தில் வேறு பிள்ளைகளும் சிரித்தார்கள். அவர்களுள் ஒருவரின் சிறு சப்பாத்து மண்ணுக்குள் நூற்றைம்பது ஆண்டுகளாகக் காத்துக்கிடந்தது.