1868-இல் பிரிக்கப்பட்ட தெய்வங்கள்

டோக்கியோவின் அசாகுசா நிலையத்தில் காலை ரயிலைப் பிடித்தால் இரண்டு மணி நேரத்தில் நிக்கோ வந்துவிடும். சிவப்பு வண்ணம் பூசிய ஷின்க்யோ பாலத்தில் தொடங்கி, ரின்னோஜி விகாரை, தோஷோகு கோயில், ஃபுதாரசான் கோயில், மூன்றாம் டோக்குகாவா ஷோகுன் இயேமிட்சுவின் சமாதியான தையுயின் என்று எல்லாவற்றையும் ஒரே பகலில் காட்டி மாலையில் ஊர் திருப்பிவிடும் சுற்றுலாக்கள் அங்கே ஏராளம். 1999-இல் யுனெஸ்கோ உலக மரபுச் சின்னமாக ஏற்ற இந்த வளாகத்தில் 103 கட்டடங்கள் இருக்கின்றன. இரண்டு ஷிண்டோ கோயில்களும் ஒரு பௌத்த விகாரையும் அவற்றைத் தங்களுக்குள் பங்கிட்டு வைத்திருக்கின்றன. கூட்டத்தை நடத்திச் செல்லும் வழிகாட்டி தொடக்கத்திலேயே ஒரு பாடம் சொல்லிக்கொடுத்துவிடுவார். தோரி எனப்படும் தோரணவாயில் நின்றால் அது ஷிண்டோ. அங்கே இருமுறை தலை தாழ்த்தி, இருமுறை கைதட்டி, மீண்டும் ஒருமுறை தாழ்த்த வேண்டும். ஊதுவத்திப் புகையும் புத்தர் சிலையும் அடுக்குக் கோபுரமும் இருந்தால் அது பௌத்தம்; அங்கே கைதட்டக் கூடாது, கூப்பினால் போதும். இன்று அந்த இடங்களில் எப்படி நடந்துகொள்வது என்பதற்கு இது நல்ல விதிதான். ஆனால் கேட்பவர்கள் இதையே வரலாறாகவும் எடுத்துக்கொள்கிறார்கள்; ஜப்பானில் ஆதிமுதலே இரண்டு மதங்கள் தனித்தனி மதில்களுக்குள் வாழ்ந்துவந்தன என்று நினைத்துக்கொண்டு ரயிலேறுகிறார்கள். அது சரியல்ல. அந்த மதிலை எழுப்பியது ஓர் அரசாங்கம். எழுப்பத் தொடங்கிய ஆண்டு 1868. இதற்குச் சாட்சி தேடி ஆவணக் காப்பகத்துக்குப் போக வேண்டியதில்லை. வழிகாட்டி அழைத்துச் செல்லும் அதே பாதையில், பார்க்கும் கட்டடங்களைக் கேள்வி கேட்டபடி நடந்தாலே போதும்.

தோஷோகுவின் முதல் வாயில் ஒரு கல் தோரி. குரோதா நாகாமாசா என்ற பிரபு 1618-இல் அளித்த காணிக்கை அது. அதைத் தாண்டியதும் இடப்புறம் ஐந்தடுக்குக் கோபுரம் நிற்கிறது. சற்றுமுன் கேட்ட விதிப்படி அது இங்கே இருக்கவே கூடாது. இந்தியாவின் ஸ்தூபியிலிருந்து வழிவந்த வடிவம் அது. பழங்காலத்தின் மிச்சம் ஒன்று அகற்றப்படாமல் நின்றுவிட்டது என்று சமாதானம் சொல்லவும் வழியில்லை. சக்காய் தாதாகாட்சு என்ற பிரபு 1650-இல் அளித்த கோபுரம் 1815-இல் எரிந்துபோனது. 1818-இல் அதே சக்காய் வம்சத்தார் அதே இடத்தில் அதைத் திரும்பக் கட்டினார்கள். அதாவது, ஏறத்தாழ 170 ஆண்டுகள் கழித்து மறுபடி யோசித்துச் செலவழித்துக் கட்டும்போதும், ஷிண்டோ தெய்வத்தின் வாசலில் பௌத்தக் கோபுரமா என்று எவருக்கும் உறுத்தவில்லை. இன்னும் உள்ளே போனால், நம் ஊர் துவாரபாலகர்களை நினைவூட்டும் நியோ காவலர்கள் நிற்கும் வாயில். அதற்கப்பால் பௌத்த நூல்களைச் சுழல் பேழையில் அடுக்கி வைப்பதற்கான சூத்திர மண்டபம். அதையும் தாண்டி, புகழ்பெற்ற யோமெய்மோன் வாயிலுக்கு அருகில், மருத்துவ புத்தரான யாகுஷிக்கு ஒரு தனி மண்டபம். அதன் கூரையில் வரைந்த டிராகனின் தலைக்கு நேர் கீழே மரக்கட்டைகளைத் தட்டினால் மணி ஒலிப்பதுபோல் எதிரொலி எழும் என்பதைக் கேட்கத்தான் பயணிகள் வரிசையில் நிற்கிறார்கள். ஷிண்டோ கோயிலுக்குள் புத்தருக்கு எதற்கு மண்டபம் என்று கேட்பவர்கள் குறைவு.

அந்தக் கேள்விக்கான விடையில்தான் நிக்கோவின் பொருளே இருக்கிறது. டோக்குகாவா ஆட்சியை நிறுவிய இயேயாசு 1616-இல் இறந்தபோது அவரை எந்த விதமான தெய்வமாக ஆக்குவது என்று அவருடைய ஆலோசகர்களுக்குள் பெரிய வாக்குவாதம் நடந்தது. ஒரு தரப்பு ‘மியோஜின்’ என்ற ஷிண்டோ தெய்வப் பட்டம் வேண்டும் என்றது. தெண்டாய் பௌத்தப் பிரிவின் துறவி தென்காய் ‘கோங்கென்’ என்ற பட்டமே தகும் என்று வாதாடினார். புத்தரோ போதிசத்துவரோ மக்களைக் காக்க உள்ளூர்த் தெய்வ உருவில் தோன்றியிருக்கிறார் என்பதைச் சொல்லும் பட்டம் அது. இயேயாசுவுக்கு முன் ஜப்பானை ஆண்டு, மியோஜின் பட்டம் பெற்ற டோயோடோமி ஹிதேயோஷியின் குலம் அழிந்துபோனதும் அப்போது எல்லோர் கண்முன்னும் இருந்தது. தென்காய் வென்றார். 1617-இல் இயேயாசு ‘தோஷோ தைகோங்கென்’ ஆக நிக்கோவில் நிலைகொண்டார்; அவருடைய மூல வடிவம் யாகுஷி புத்தர் என்று வகுக்கப்பட்டது. ஆகவே அந்த மண்டபம் அலங்காரத்துக்காகச் சேர்த்தது அல்ல. வழிபடப்படும் தெய்வம் உண்மையில் யார் என்று சொல்லும் இடமே அதுதான். மலையின் பழைய வழிபாடும் இதே முறையில் அமைந்ததுதான். 766-இல் இங்கே விகாரை அமைத்ததாக மரபு சொல்லும் ஷோதோ துறவியின் வழிவந்தவர்கள் நான்தாய், நியோஹோ, தாரோ என்ற மூன்று சிகரங்களை மூன்று ஷிண்டோ தெய்வங்களாகவும், அந்தத் தெய்வங்களை ஆயிரங்கை அவலோகிதர், அமிதாபர், குதிரைத்தலை அவலோகிதர் என்ற மூன்று பௌத்த மூர்த்திகளாகவும் வணங்கினார்கள். கடைசி மூர்த்தியின் வடமொழிப் பெயர் ஹயக்ரீவர் என்பது தமிழ் வாசகர்களுக்கு ஆர்வமூட்டலாம். சிகரம், தெய்வம், புத்தர் மூன்றும் ஒரே பொருளின் மூன்று நிலைகள். இந்த முழு மலைக்கும் தலைவராக 17-ஆம் நூற்றாண்டின் நடுவிலிருந்து 1868 வரை இருந்தவர்கள், துறவு பூண்ட அரச குடும்ப இளவரசர்கள்.

1868-இல் ஷோகுன் ஆட்சி கவிழ்ந்து பேரரசரின் பெயரால் புதிய அரசு அமைந்தது. பேரரசரின் அதிகாரம் அவர் சூரிய தேவதையின் வழித்தோன்றல் என்ற நம்பிக்கையில் நின்றது. வழிபாடும் ஆட்சியும் ஒன்றாக வேண்டும் என்பது புதியவர்களின் முழக்கம். விகாரைகளோ பழைய ஆட்சியின் கையாகவே இருந்தவை. கிறிஸ்தவர் அல்ல என்று சான்று பெற ஒவ்வொரு குடும்பமும் ஒரு விகாரையில் பதிந்துகொள்ள வேண்டும் என்ற சட்டத்தால், குடிக்கணக்கே பிக்குகளிடம்தான் இருந்தது. அந்த வசந்தத்தில் அடுத்தடுத்து ஆணைகள் வந்தன. கோயில்களில் பணிசெய்த பிக்குகள் துறவைக் கைவிட வேண்டும். புத்தர் உருவை மூலமூர்த்தியாக வைத்திருந்தால் மாற்ற வேண்டும். பௌத்த மணிகளையும் கருவிகளையும் வெளியேற்ற வேண்டும். கோங்கென் முதலான பௌத்தப் பட்டங்களைத் தாங்கிய கோயில்கள் விவரம் தர வேண்டும். இயேயாசுவின் தெய்வப் பட்டமே இதில் அடிபட்டது. நிக்கோவைப் பிரிக்கும் ஆணை 1871-இல் வந்தது. ஃபுதாரசானை ஒட்டி நின்ற மூன்று புத்தர்களின் மண்டபத்தைப் பிரித்தெடுத்து ரின்னோஜியின் எல்லைக்குள் கொண்டுபோக வேண்டியிருந்தது. 1876-இல் மெய்ஜி பேரரசர் நிக்கோ வந்தபோது பழைய தோற்றம் கெடாமல் கட்ட 3,000 யென் அளித்தார். 1879-இல் வேலை முடிந்தது. இன்றைய சுற்றுலாவில் அந்த மண்டபம் முதலில் வருவதற்கும், அதன் புத்தர்கள் தங்கள் சிகரங்களின் கோயிலிலிருந்து விலகி நிற்பதற்கும் காரணம் இதுதான். தோஷோகு வாயிலின் நியோ காவலர்களும் இயேமிட்சுவின் சமாதிக்கு மாற்றப்பட்டுப் பல ஆண்டுகள் கழித்தே திரும்பினார்கள். கோபுரமும் சூத்திர மண்டபமும் யாகுஷி மண்டபமும் மட்டும் அசையாமல் நின்றுவிட்டன. அவை யாருக்குச் சொந்தம் என்று தோஷோகுவும் ரின்னோஜியும் 20-ஆம் நூற்றாண்டில் நெடுங்காலம் பிணங்கிக் கிடந்தன.

இன்னொரு பிரபலமான ஒருநாள் சுற்றுலாத் தலமான காமாகுராவுக்கு இந்த அளவு அதிர்ஷ்டம்கூட இல்லை. அங்கே ட்சுருகாவோகா ஹாச்சிமான் கோயிலின் அகன்ற முற்றத்தைப் பார்ப்பவர்கள் அந்த வெறுமையை ஷிண்டோவின் எளிமை என்று மெச்சுவதுண்டு. அது 1870-இல் உண்டாக்கப்பட்ட வெறுமை. பெருங்கோபுரம், யாகுஷி மண்டபம், வேள்வி மண்டபம், சூத்திர மண்டபம், நியோ வாயில் எல்லாம் அந்த ஆண்டில் இடித்துத் தள்ளப்பட்டன. 1860-களில் அங்கே போன ஃபெலிசே பியாட்டோவின் புகைப்படத்தில் அந்தப் பெருங்கோபுரத்தை இன்றும் பார்க்கலாம். நியோ காவலர்கள் ஜுஃபுகுஜி விகாரைக்கும், சீன அச்சுப் பௌத்த நூல் தொகுதி அசாகுசாவின் சென்சோஜிக்கும் போய்ச் சேர்ந்தன. பக்கத்திலுள்ள எனோஷிமா தீவில் நடந்தது நமக்கு இன்னும் நெருக்கமானது. அங்கே பல நூற்றாண்டுகளாகக் குடியிருந்தவள் பென்சாய்தென். இந்தியாவின் சரஸ்வதி பௌத்தத்தோடு சீனம் வழியாகப் போய்ப் பெற்ற உருவம். 1182-இல் போர்த்தலைவர் மினாமோட்டோ யோரிதோமோ தன் போர் வெற்றிக்காக அவளை அங்கே எழுந்தருளச் செய்தார் என்று காமாகுரா காலத்து வரலாற்று நூல் ‘அசுமா காகாமி’ பதிவு செய்கிறது. பிரிவினை ஆணைக்குப் பிறகு தீவின் கோயில் மூன்று ஷிண்டோ தேவியரின் கோயிலாயிற்று. பென்சாய்தென் சிலைகள் இன்று எண்கோண மண்டபம் ஒன்றில், கட்டணச் சீட்டுக்குப் பின்னால் இருக்கின்றன.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. பிரிவினை எண்ணத்தை மெய்ஜி அரசு புதிதாகக் கண்டுபிடிக்கவில்லை. சூரிய தேவதைக்குரிய இசே பெருங்கோயிலில் பௌத்தச் சொற்களையே உச்சரிக்காமல் தவிர்த்தார்கள், பிக்குகளைச் சன்னதியை நெருங்க விடவில்லை. இயேயாசுவின் பேரனான மிட்டோ பிரபு மிட்சுகுனியே 17-ஆம் நூற்றாண்டில் தன் ஆட்சிப் பகுதியில் கோயிலையும் விகாரையையும் பிரித்தார். மோதோஓரி நோரினாகா போன்ற அறிஞர்கள் அந்நியக் கலப்பில்லாத பழைய வழியைத் தேடினார்கள். இவையெல்லாம் உண்மை, வேறுபாடு தெரியாமல் யாரும் வாழவில்லை. ஆனால் வேறுபாடு தெரிவதும் வேலி போடுவதும் ஒன்றல்ல. இசேயிலேயே பிக்குகளும் பிக்குணிகளும் நின்று வணங்கத் தனி இடம் இருந்தது. வராதவர்களுக்கு யாரும் இடம் ஒதுக்குவதில்லை. மிட்டோவின் நடவடிக்கை ஓர் ஆட்சிப் பகுதியின் எல்லையோடு நின்றது. அதே மிட்சுகுனியின் காலத்தில் அவருடைய பாட்டனார் நிக்கோவில் கோங்கெனாகவே வழிபடப்பட்டார். எல்லாவற்றுக்கும் மேலாக, 1868-இன் ஆணைகளே இதற்குச் சான்று. இரண்டும் முன்பே தனித்தனியாக இருந்திருந்தால், எந்தச் சிலையை, எந்த மணியை, எந்தப் பட்டத்தை அகற்ற வேண்டும் என்று அரசு அடுக்கிச் சொல்லியிருக்கத் தேவையில்லை.

அரசு பிரிக்கத்தானே சொன்னது, உடைக்கச் சொல்லவில்லையே என்பது இரண்டாவது மறுப்பு. ஆணை வந்த சில நாட்களிலேயே ஹியே மலையடிவாரத்துக் கோயிலில் ஜுகே ஷிகேகுனி என்ற ஷிண்டோ பூசாரியின் தலைமையில் ஒரு கூட்டம் புகுந்து சிலைகளையும் சூத்திரங்களையும் கொளுத்தியது. அரசு உடனே கண்டித்து எச்சரிக்கை விட்டது என்பதும் மெய். நூற்றாண்டுகளாகப் பிக்குகளின் கீழ் அடங்கிக் கிடந்த பூசாரிகளின் மனக்குறையும் நியாயமற்றது அல்ல. ஆனால் ஜுகே சாதாரணப் பூசாரி அல்ல. புதிய அரசின் தெய்வ காரியத் துறையிலேயே பதவி வகித்தவர். பூசாரிகளின் குறை தீர நிர்வாகத்தைப் பிரித்தாலே போதுமாக இருந்தது. ஆணையோ மூலஸ்தானத்துக்குள் கைநீட்டியது. எந்தச் சிலை அங்கே இருக்கலாம் என்று அரசு தீர்ப்பு சொன்ன பிறகு, வெளியே தூக்கிவைத்த சிலையை என்ன செய்வது என்பது உள்ளூர் வெறுப்பின் கையில் போய்விட்டது. சட்சுமா ஆட்சிப் பகுதியில் அந்த வெறுப்பு அதிகாரிகளிடமே இருந்தது. அங்கே 1,066 விகாரைகள் ஒழிக்கப்பட்டன.

ஒன்றரை நூற்றாண்டாக இரு தரப்பும் பிரிந்து வாழ்கின்றன, இன்று அதுவே உண்மை, நான்கைந்து மணி நேரம் இருக்கும் பயணிக்கு இவ்வளவு சிக்கல் எதற்கு என்று கேட்பவர்களும் உண்டு. இன்றைய பிரிவு உண்மைதான். கோயிலும் விகாரையும் சட்டப்படி தனித்தனி நிறுவனங்கள். ஆனால் வழிகாட்டியின் எளிய விதி இன்றைய ஜப்பானுக்குக்கூட முழுதாகப் பொருந்தவில்லை. ஒசாகாவின் ஷிதென்னோஜி பௌத்த விகாரை. அதன் மேற்கு வாசலில் 1294-இன் கல் தோரி நிற்கிறது. ஐச்சி மாவட்டத்தின் டோயோகாவா இனாரியில் தோரியும் நரிச் சிலைகளும் உண்டு. அது ஜென் விகாரை, வழிபடுவது தாகினிதென் என்ற பௌத்தத் தேவியை. நாராவில் ஒவ்வோர் ஆண்டும் ஜனவரி 2-ஆம் தேதி கோஃபுகுஜி பிக்குகள் காசுகா கோயிலுக்குப் போய்த் தெய்வத்தின் முன் சூத்திரம் ஓதுகிறார்கள். நிக்கோவிலும், தோஷோகுவின் வளாகத்துக்குள் நிற்கும் யாகுஷி மண்டபத்தைப் பராமரிப்பவர்கள் ரின்னோஜியார்தான். ஒருநாள் சுற்றுலாவில் நேரம் குறைவு என்பதை ஒப்புக்கொள்ளலாம். தோஷோகுவின் புகழ்பெற்ற செதுக்கல்களான உறங்கும் பூனைக்கும் மூன்று குரங்குகளுக்கும் ஒதுக்கும் நேரத்தில் இரண்டு நிமிடத்தை ஐந்தடுக்குக் கோபுரத்தடியில் செலவிட்டு 1650, 1818, 1871 என்ற மூன்று ஆண்டுகளைச் சொன்னால் போதும். வழிகாட்டி சொல்லவில்லையென்றால், தோரிக்குப் பக்கத்தில் இந்தக் கோபுரத்தை யார் கட்டினார்கள், பிறகு யார் அகற்றச் சொன்னார்கள் என்று பயணியே கேட்கலாம்.